ராசாத்தி விரதமிருந்த மாதம்

இஞ்சாருங்கோ,

உங்களைப் பெயர் சொல்லி அழைக்காத வழக்கத்தை இப்போதும் நான் மாற்றப் போவதில்லை. உங்கள் சிலந்தி உயிரோடு இருக்கிறாள். முதலில் அதைத்தானே கேட்பீர்கள்?

ஆஸ்பத்திரியில் என் கையைப் பிடித்தீர்கள். மகனைப் பற்றி ஏதோ சொல்லப் போகிறீர்கள் என்று குனிந்தேன். "ராசாத்தியைப் பட்டினி போடாதையும்" என்றீர்கள். ஓம் என்றேன். உள்ளங்கையளவு மயிர்ச் சிலந்திக்காக வாக்குக் கொடுத்த மனுசி கொக்குவிலில் நான் ஒருத்திதான்.

ஆனால் நீங்கள் கண்மூடியதோடு வீடு துடக்கு வீடாயிற்று. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடியும்வரை மீன், இறைச்சி என்று எந்த மச்சமும் கிடையாது. கரப்பான் பூச்சியைச் சாமணத்தால் பிடித்து அவளின் கண்ணாடித் தொட்டிக்குள் விடப் போன என்னை உங்கள் தங்கை மறித்தாள்.

"மச்சாள், உதுவும் மச்சமெல்லோ?"

யோசித்தேன். மச்சந்தான். என் வீட்டுச் சட்டம் ஒருவருக்காகத் தளராது. கரப்பானை வெளியே விட்டேன்.

மத்தியானங்களில் தொட்டிக்கு முன்னால் கதிரை போட்டு இருப்பேன். வேப்பமரத்து வெயில் கண்ணாடிக்குள் இறங்கி அவளின் கால்களில் அசையும். கண்ணயர்ந்தால், நீங்கள் கிணற்றடியில் கரப்பான் தேடிக் கல்லைப் புரட்டும் சத்தம் கேட்கும். விழித்தால் வெயில் மட்டும் இடம் மாறியிருக்கும்.

அந்தியேட்டிக்கு முதல்நாள் அவள் கால்களையெல்லாம் மேலே தூக்கி மல்லாந்து கிடந்தாள். என் வாக்குப் போயிற்று என்றே நினைத்தேன். புதைப்பதற்கு வெள்ளைத் துணி கிழித்து வைத்துவிட்டு, கனடாவில் உள்ள மகனுக்கு வீடியோவில் காட்டினேன்.

"அம்மா, தொடாதேங்கோ. அவள் தோல் கழட்டுறாள். இந்த நேரம் தொட்டிக்குள்ளை கரப்பான் கிடந்திருந்தால் அது அவளைக் கடிச்சே சாகடிச்சிருக்கும்."

பின்னேரம் போய்ப் பார்த்தேன். பழைய தோல், நீங்கள் கழற்றிப் போட்ட சட்டைபோல, ஆள் உள்ளே இருக்கும் வடிவத்திலேயே கிடந்தது. பக்கத்தில் அவள், புதிதாக, ஈரமாக. நீங்களும் இப்படித்தான் கழன்று போனீர்களா?

புதுத் தோலோடு வந்த பல் இறுகட்டும் என்று மகன் சொன்னபடி பொறுத்திருந்தேன். இன்றைக்குத்தான் சாமணத்தை எடுத்தேன். அவள் அவசரப்படாமல் காலை நீட்டி வாங்கிக்கொண்டாள். "சாப்பிடு, ராசாத்தி" என்றேன். அவளைப் பெயர் சொல்லி நான் அழைத்தது இதுதான் முதல் தடவை.

இனி அவளைப் பட்டினி போடமாட்டேன். உங்கள் திவசத்தன்று மட்டும் இந்த வீட்டில் எல்லோருக்கும் விரதம். அதைப் பட்டினி என்று அங்கிருந்து குறை சொல்லக்கூடாது.

ராசாத்திக்கும் இப்போது சோறு போடும்,
உங்கள் மனுசி