தலையைத் திருப்பக் கூடாதாம்

ஜூலை 13, ஞாயிறு

காலையில் தூறல். ஷூ கம்பெனி டூர். எலுமிச்சை சாதம், உருளைக்கிழங்கு வறுவல். தையல் லைன் பெண்கள் மட்டும் இரண்டு பஸ். ஆம்பூரில் ஐந்தரைக்குக் கிளம்பி, சென்னைப் பக்கம் அந்தத் தீம் பார்க் போய்ச் சேர மணி பத்து.

மத்தியானம் வரை சந்தோஷம். அப்புறம் அந்த ராக்கெட். வட்டமான கூண்டு, உள்ளே சுவரையொட்டி சீட்டுகள். கூண்டு வேகமாகச் சுற்றும். நிஜ ராக்கெட்டில் போகிறவர்களுக்கு உடம்பு கனக்குமே, அதே கனமாம். கனத்தது. நெஞ்சில் அரிசி மூட்டை வைத்த மாதிரி. கன்னம் காதுப் பக்கம் இழுத்தது. கையைத் தூக்க முடியவில்லை.

பக்கத்தில் ஷபானா. பதினோரு வருஷமாக எனக்கு அடுத்த மிஷின். தலையைத் திருப்பினாள். "அக்கா, கழுத்து!" ஒரே அலறல். நானும் கத்தினேன். யாருக்கும் கேட்கவில்லை. நிற்கும் வரை அழுதாள்.

கதவைத் திறந்தவன் கேட்கிறான்: "போர்டுல போட்ருக்கு இல்லம்மா? படிக்காம ஏன் ஏர்றீங்க?"

போர்டு முழுக்க இங்கிலீஷ். "சீக்கிரம் ஏறு, ஏறு" என்று விரட்டினது மட்டும் நல்ல தமிழில்.

ஏதோ ஸ்ப்ரே அடித்தார்கள். அவ்வளவுதான் வைத்தியம். பஸ்ஸில் அவள் தலையை இரண்டு கையாலும் தாங்கிக்கொண்டே வந்தேன்.

ஜூலை 14, திங்கள்

வெயில். ஷபானா லீவு. கழுத்தில் தசைநார் கிழிந்திருக்கிறதாம். கழுத்துப் பட்டை. மூன்று வாரம் குனியக் கூடாது. குனியாமல் எந்த ஊரில் ஷூ தைக்கிறார்கள்?

சாப்பாட்டு நேரத்தில் பேக்கிங் ஆள்: "வயசான காலத்துல இன்னாத்துக்கு ராக்கெட்டு?" அவளுக்கு முப்பத்தாறு. அவனுக்கு ஐம்பத்திரண்டு. வந்த கோபத்துக்கு டிபன் பாக்ஸை மூடிவிட்டேன்.

கேஸ் சிலிண்டர் புக் செய்ய வேண்டும். இட்லி மாவு.

ஜூலை 15, செவ்வாய்

டூரில் எடுத்த செல்ஃபி ஒன்றில், எங்கள் தலைகளுக்குப் பின்னால் அந்த போர்டு. மகள் திவ்யா பெரிதாக்கிப் படித்தாள். வாணியம்பாடியில் காலேஜ் படிக்கிறாள்.

"தலைய பின்னால சாய்ச்சே வெச்சுக்கணுமாம். சுத்தும்போது திருப்பக் கூடாதாம். அவ்ளோதாம்மா."

ஒரே வரி. அந்த ஒரு வரியைத் தமிழில் எழுத அவர்களுக்குப் பெயின்ட் இல்லையா?

என் மிஷினில் 'ஊசி அருகே விரல் வைக்காதே' என்று தமிழில், படத்தோடு, சிவப்பில் இருக்கிறது. ஷூ வாங்குகிற வெளிநாட்டுப் பார்ட்டி வந்து சோதிப்பான் என்று ஒட்டியது. எங்கள் விரலுக்குத் தமிழ் உண்டு. கழுத்துக்குக் கிடையாது.

ஜூலை 17, வியாழன்

புழுக்கம். எச்.ஆர். சார் கூப்பிட்டார். ஒரு காகிதம். அதுவும் இங்கிலீஷ்.

"இன்னா சார் எழுதியிருக்கு?"

"ஒண்ணுமில்லம்மா. அவங்களாதான் தலைய திருப்பினாங்க, கம்பெனிக்குப் பொறுப்பில்லன்னு. நீங்க பக்கத்துல இருந்தீங்க இல்ல? சாட்சிக் கையெழுத்து."

"அவளா திருப்பல சார்."

"பின்ன?"

ஞாயிற்றுக்கிழமை இங்கே எழுதாமல் விட்டதை இப்போது எழுதுகிறேன். நான்தான் கூப்பிட்டேன். "ஷபானா, என் மூஞ்சியப் பாருடி" என்றேன், சிரிக்கட்டும் என்று. திரும்பினாள்.

வெள்ளைத்தாள் கேட்டு வாங்கித் தமிழில் எழுதினேன்: நான் கூப்பிட்டதால் திரும்பினாள். திரும்பக் கூடாது என்று எங்களுக்குப் புரியும்படி யாரும் சொல்லவில்லை. தெரிந்திருந்தால் கூப்பிட்டிருக்க மாட்டேன்.

"வேணாம்மா. உங்களுக்குத்தான் பேஜார்."

"இருக்கட்டும் சார்."

கூண்டில் கூட வந்தவர்களில் ஒன்பது பேர் கீழே கையெழுத்துப் போட்டார்கள். சூப்பர்வைசர் முகத்தில் எள்ளும் கொள்ளும்.

ஜூலை 20, ஞாயிறு

மேகமூட்டம். பார்க்குக்கு மூன்று தடவை போன் போட்டாயிற்று. மேனேஜர் மீட்டிங்கில். ஞாயிற்றுக்கிழமையிலும் மீட்டிங்!

ஷபானா வீட்டுக்குப் போனேன். நான் எழுதியதை நானே சொல்லிவிட வேண்டும் என்று. பட்டைக்கு மேலே முகம் மட்டும். தலையாட்டக்கூட முடியவில்லை.

"நீ கூப்ட்டது எனக்குத் தெரியாதாக்கா? எச்.ஆர். முதல்ல எங்கிட்டதான் வந்தாரு. நானாதான் திரும்பினேன்னு கையெழுத்து போட்டுக் குடுத்துட்டேன்."

"ஏண்டி?"

"உன் பேரு வரக் கூடாதுன்னுதான்."

படுத்துக் கிடக்கிறவளிடம் போய்க் கையெழுத்து! அவள்மேல் கோபம், எச்.ஆர்.மேல் கோபம், என்மேல் எல்லாரையும்விட ஜாஸ்தி. டீ ஆறிப் போயிற்று.

ஜூலை 21, திங்கள்

வெயில். பத்து மணிக்கு ஷபானா, பட்டையோடு, ஷேர் ஆட்டோவில் கம்பெனி வாசலில். கூடவே போனேன்.

"நான் போட்ட கையெழுத்து வேணாம் சார். அக்கா எழுதினதுதான் நெஜம்."

எச்.ஆர். கால்மணி நேரம் ஏதேதோ பேசினார். ஒன்பது பேரும் கதவுப் பக்கம் வந்து நின்றார்கள். அந்த இங்கிலீஷ் காகிதத்தைக் கிழித்தார். மூன்று வாரமும் சம்பளத்தோடு லீவு என்று எழுதிக் கொடுத்தார், எங்கள் முகத்தைப் பார்க்காமலே.

பார்க்குக்குப் புகார் ரிஜிஸ்தர் தபாலில். முழுக்கத் தமிழ். படிக்கத் தெரியாவிட்டால் யாரையாவது கேட்டுத் தெரிந்துகொள்ளட்டும்.

அவளை ஆட்டோவில் ஏற்றிவிட்டு லைனுக்குத் திரும்ப நாற்பது நிமிஷம் லேட். சூப்பர்வைசர் நோட்டும் பேனாவுமாக நின்றான். எழுதிக்கொள் என்றேன்.