வெட்டாமல் விடும் கேள்வி

என் பாசமுள்ள அண்ணனுக்கு,

செகிஞ்சானில் படமெடுக்கப் போன நீ நெஞ்சுவலியில் போய்ச் சேர்ந்தாய். பதினாறாம் நாள் காரியமும் முடிந்துவிட்டது. எனக்கு இன்னும் அழுகை வரவில்லை. புக்கிட் ரோத்தான் வீட்டில், உன் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, நீ பாதியில் விட்ட ஆவணப்படத்தை எடிட் செய்துகொண்டிருக்கிறேன். மனம் மரத்துக் கிடக்கிறது, கை மட்டும் வேலை செய்கிறது.

தோட்டத்துக் கல்யாண வீடியோக்களைப் பற்றிய படம். தோட்டத் தொழிலாளர் லயத்தை விட்டு அடுக்குமாடிக்குப் போனவர்களிடம் அவர்களுடைய பழைய கேசட்டைப் போட்டுக் காட்டி, பார்க்கும் முகங்களை எடுத்து வைத்திருக்கிறாய். சனி ஞாயிறு கல்யாணங்களுக்குக் கேமரா தூக்கித்தான் உன் சொந்தப் படங்களை எடுத்தாய். "எப்ப டிவியில வரும்?" என்று கேட்காத சொந்தக்காரர் உண்டா? "வரும்லா" என்பாய். ஒன்றும் வரவில்லை. உனக்கு வருத்தமாக இருந்ததா, அண்ணே?

உன் படங்களையெல்லாம் எடிட் செய்யும் எனக்கு நீ போட்ட கட்டளை ஒன்றுதான். "என் சத்தம் ஒரு எடத்துலயும் வரக்கூடாது. படம் அவங்களோடது." அதனால் உன் கேள்விகளையெல்லாம் வெட்டிவிடுவேன். மைக் சரியாக இருக்கிறதா என்று பார்க்க எல்லாரிடமும் முதலில் ஒன்று கேட்பாயே, அதுதான் முதலில் போகும்.

நேற்று அம்மாவுக்குப் படத்தைப் போட்டுக் காட்டினேன். கடைசிவரை பார்த்தார்.

"எல்லாரும் நல்லா பேசுறாங்க. யாருகிட்டம்மா பேசுறாங்க?" என்றார்.

வெட்டி ஒதுக்கியதில் ஒன்றை எடுத்து ஓடவிட்டேன். அசாம் ஜாவாவில் இருக்கும் சரசு அக்கா வீடு. அக்கா முந்தானையில் மைக்கைக் குத்திக்கொண்டிருக்கிறார். கேமராவுக்குப் பின்னாலிருந்து உன் குரல்.

"காலையில என்ன பசியாறுனீங்க?"

அக்கா வாயைத் திறப்பதற்குள் அம்மா சொல்லிவிட்டார்.

"தோசைடா. நீ சாப்டியா?"

நான் நிறுத்தவில்லை. "ரொட்டிதான் தம்பி" என்றார் அக்கா. "ம், நல்லா கேக்குது" என்றாய் நீ. அம்மா தலையாட்டினார்.

இந்த ஒரு படத்தில் மட்டும் உன் கட்டளையை மீறப்போகிறேன். அந்தக் கேள்வியில்தான் படம் தொடங்கும். கோயில் மண்டபத்தில் திரை கட்டி, அம்மாவை முதல் வரிசையில் உட்கார வைப்பேன். அவர் பதில் சொல்லி முடிக்கும்வரை அடுத்த காட்சி வராது.

உன் குரலை இனி வெட்டாத தங்கச்சி,
மாலா