அடைப்பு என்று ஒரு சொல்

4 மார்ச் 1925, புதன்

புதிய தொழிலாளர் சட்டம் வந்திருக்கிறது. அதில் பெண்களைப் பற்றிய பகுதியைத் தமிழில் எழுதி, விடியற்காலை ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்துப் பலகையில் ஒட்டச் சொல்லித் துரை, ஆபீஸ் கணக்கெழுதும் பெரிய கிராணியிடம் காகிதம் கொடுத்தார். பெரிய கிராணிக்கு வழக்கம்போல் முதுகு வலி. காகிதம் சின்னக் கிராணியான என் மேசைக்கு வந்துவிட்டது. "ஆம்புரோஸ், நீதானே ஈப்போவுல பாதிரியார் பள்ளிக்கூடத்துல படிச்சவன்?" இந்த ரப்பர்த் தோட்டத்து ஆபீசில் யாருக்கு வேலை செய்ய மனமில்லையோ, அவருக்கு உடனே என் படிப்பு ஞாபகம் வந்துவிடும்.

ஆனாலும் எழுத உட்கார்ந்தபோது உள்ளுக்குள் பெருமையாகத்தான் இருந்தது. ஆறு வருஷத்துக்கு முன் அமெரிக்காவில் பல தேசத்தார் கூடினார்களாம். சர்க்கார், முதலாளி, தொழிலாளி எல்லாரும் ஒரே கூடத்தில். பிள்ளை பெறும் தொழிலாளிப் பெண்ணுக்கு முன்னும் பின்னும் ஓய்வு வேண்டும் என்று தீர்மானம் போட்டார்களாம். பத்திரிகையில் படித்தபோது நம்பவில்லை. இப்போது அதே பேச்சு இந்தக் காட்டுக்குள் என் மேசை வரை வந்திருக்கிறது.

ஒரு சொல் மட்டும் இடறியது. கன்ஃபைன்மென்ட். அதற்கு ஒரு மாதம் முன்னும் ஒரு மாதம் பின்னும் வேலை கூடாது, படி உண்டு என்கிறது சட்டம். அகராதியில் சிறை, காவல், அடைப்பு என்று போட்டிருந்தது. சிறை என்று எழுதினால் நன்றாக இராது. அடைப்பு என்று எழுதினேன். பிள்ளை பெற்றவள் வெளியே வராமல் வீட்டோடு கிடப்பதைத்தான் சொல்கிறார்கள் போலும்.

7 மார்ச், சனி

விடியற்காலைப் பெரட்டில் பேர் கூப்பிட்டு முடிந்ததும் ஆட்களை வேலை வாங்கும் தண்டல் பத்துமலை அதை வாசித்தார். "கர்ப்பமான பெண்கள் கிராணியிடம் பெயர் பதிய வேண்டும். அடைப்புக்கு ஒரு மாதம் முன்னும் ஒரு மாதம் பின்னும் வேலை கிடையாது."

எல்லாரும் வாளியைத் தூக்கிக்கொண்டு ரப்பர்ப் பால் வெட்டப் போய்விட்டார்கள். கைதட்டச் சொல்லவில்லை. ஒரு முணுமுணுப்பாவது வர வேண்டாமா?

21 மார்ச், சனி

பதிவுப் புத்தகத்தில் ஒரு பெயர்கூட இல்லை. துரை புரட்டிப் பார்த்துவிட்டு, நம் தோட்டத்தில் கர்ப்பிணியே கிடையாதா என்று கேட்டுச் சிரித்தார். அவருக்கென்ன, ஆள் குறையவில்லை. பெரட்டுக்கு வரும் தலைக்கு இத்தனை என்று தண்டலுக்குக் கிடைக்கிறது. அவருக்கும் சந்தோஷம்.

எனக்குக் கண் இல்லையா? முன்வரிசையிலேயே மூன்று பேர் வயிறும் வாளியுமாக நிற்கிறார்கள். கொடுப்பதை வாங்கிக்கொள்ளத் தெரியாத ஜனங்கள்.

22 மார்ச், ஞாயிறு

பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக் கொட்டகைக்குப் போய் முத்தம்மாவிடம் கேட்டேன். பிரசவம் பார்ப்பதும் அவள்தான். என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

"கிராணி ஐயா, நீங்க கல்யாணம் ஆவாத ஆளு. எந்தப் பொம்பள ஒங்க மேசைக்கு முன்னால வந்து, நான் முழுகாம இருக்கேன்னு சொல்லுவா?"

சரி, அது நியாயம். அடுத்து அவள் கேட்டதுதான் விளங்கவில்லை.

"அது சரி, எங்க கொண்டுபோயி அடைப்பீங்க? தஞ்சோங் ரம்புத்தான் ஆஸ்பத்திரிலங்கிறாங்க. பைத்தியக்காரங்களோடயா?"

யாரும் யாரையும் அடைக்கப் போவதில்லை, வீட்டில்தான் இருக்கச் சொல்கிறார்கள் என்றேன். அவள் நம்பவில்லை. "கப்பல்ல வந்து எறங்குனதும் நோய் இருக்கான்னு பாக்க இப்படித்தான் முகாம்ல அடைச்சாங்க. இருளாயி மூத்தத அங்கதான காய்ச்சல்ல பறிகுடுத்தா? ரெண்டாவதும் தங்கல. இப்ப இது மூணாவது. அவ வந்து பேரு குடுப்பாளா?"

எனக்குக் கோபம்தான் வந்தது. சட்டத்தில் உள்ளதைத்தானே எழுதினேன்!

12 ஏப்ரல், ஈஸ்டர்

ஈப்போ பக்கம் சிலிபினில் தங்கை வீட்டில் சாப்பாடு. பெட்ரீசியா ஈப்போ ஆஸ்பத்திரியில் தாதி. தோட்டத்து ஜனங்களின் அறியாமையைப் பற்றி அவளிடம் நீட்டி முழக்கினேன். பாதியில் கரண்டியைக் கீழே வைத்துவிட்டாள்.

"அண்ணே, கன்ஃபைன்மென்ட்னா பிரசவம்லா! எங்க வார்டு பலகையிலயே அப்படித்தான் எழுதியிருக்கு."

சிரிக்க ஆரம்பித்தவள் என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டாள்.

பிரசவம். பிரசவத்துக்கு ஒரு மாதம் முன், ஒரு மாதம் பின். பச்சைப் பிள்ளைக்கும் புரியும். ஐயோ, நான் என்ன எழுதி வைத்தேன்?

13 ஏப்ரல், திங்கள்

பலகையில் சொல்லை மாற்ற அனுமதி கேட்டேன். துரை முடியாது என்றார். மேலிடத்து அதிகாரி வந்து பார்த்துக் கையெழுத்துப் போட்டுவிட்டாராம். அவருக்குத் தமிழ் தெரியுமா என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. ஒட்ட வேண்டும் என்பது சட்டம், ஒட்டியாகிவிட்டது, போய் வேலையைப் பார் என்றார்.

வெளியே வந்ததும் பெரிய கிராணி, "தப்புன்னு நீயே ஏன்யா வாயக் குடுக்கிற?" என்றார். முதுகு வலி போய்விட்டது போலிருக்கிறது.

17 ஏப்ரல், வெள்ளி

பால் நிறுக்கும் இடத்தில் இருளாயியைப் பார்த்தேன். எட்டாம் மாதம் என்று முத்தம்மா சொல்லியிருந்தாள். சேலையை இறுக்கி வரிந்து கட்டியிருந்தாள். மூச்சு விடவே கஷ்டப்பட்டாள். எழுதியது தப்பு, பெயர் கொடுத்தால் ஓய்வு உண்டு என்றேன். அவள் தலை நிமிரவில்லை.

"எனக்கு ஒண்ணுமில்லீங்க. வயித்துல கட்டி."

பின்னாலேயே அவள் புருஷன் சன்னாசி வந்துவிட்டான். "எம்பொண்டாட்டி வயித்து மேல ஒங்களுக்கு என்னய்யா கண்ணு?" பத்துமலை சத்தம் போட்டுச் சிரித்தார். எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். காது எரிய ஆபீசுக்குத் திரும்பி வந்துவிட்டேன்.

25 ஏப்ரல், சனி

இருளாயி விஷயத்தை அன்றோடு அப்படியே விட்டுவிட்டேன். மறுநாள் போய்ச் சொல்லியிருக்கலாம். முத்தம்மாவைக் கூட்டிக்கொண்டு அவள் குடியிருக்கும் லயத்துக்குப் போயிருக்கலாம். மானம் போய்விட்டதாம் எனக்கு.

2 மே, சனி

இருளாயிக்குப் பால் வெட்டும் மர நிரையிலேயே வலி வந்துவிட்டது. முத்தம்மா ஓடிப் போவதற்குள் மரத்தடியில் பிறந்து, அழாமலே போய்விட்டது. ஆண்பிள்ளை.

3 மே, ஞாயிறு

பூசைக்குப் போகவில்லை.

4 மே, திங்கள்

துரை குதிரை மேல் இருக்கும்போதே பலகையில் இருந்ததைக் கிழித்தேன். யோசித்துச் செய்ததல்ல. பெரட்டில் இருளாயி வாளியோடு நின்றதைப் பார்த்ததும் கை தானாகப் போனது.

கூட்டத்தைப் பார்த்துக் கத்தினேன். "அடைப்புன்னு எழுதுனது என் தப்பு. எனக்கு இங்கிலீசு அரைகொறை. அது பிரசவம். பிரசவத்துக்கு முன்னால ஒரு மாசம், பின்னால ஒரு மாசம் வீட்டுல இருக்கலாம். யாரும் அடைக்க மாட்டாங்க. பேர முத்தம்மாகிட்ட சொல்லுங்க, போதும்."

அப்போதும் வாளியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

மத்தியானம் புதிதாக எழுதி ஒட்டினேன். சாயங்காலமே பெரிய கிராணி வந்து சொல்லிவிட்டார், இந்த மாதத்தோடு என் சீட்டும் கிழிந்தது. எங்கே போய் வேலை தேடுவது?

8 மே, வெள்ளி

பெயர் ஒன்றும் வரவில்லை. வேலை போனதுதான் மிச்சம். எல்லாரும் இனி நம்புவார்கள் என்று நினைத்தேனே, எந்தத் தைரியத்தில்?

11 மே, திங்கள்

பால் நிறுத்து முடிந்ததும் ஆபீஸ் வாசலில் இரண்டு பெண்கள். முன்னால் இருளாயி. அவள் பின்னால் முகத்தை மறைத்துக்கொண்டு வீரம்மா.

"இவளுக்கு எட்டாம் மாசம். எழுதிக்குங்க," என்றாள் இருளாயி.

எழுதினேன். நன்றி சொல்வதா, மன்னிப்புக் கேட்பதா என்று தெரியவில்லை. வீரம்மா போய்விட்டாள். இருளாயி போகவில்லை.

"எம்பேர ஏன் எழுதல?"

புரியவில்லை எனக்கு.

"அன்னிக்கி சொன்னீங்களே, பிரசவத்துக்குப் பின்னால ஒரு மாசம்னு. நான் பெத்தேன்ல? புள்ள உசுரோட இருந்தாத்தான்னு அதுல எழுதியிருக்கா? பாத்துச் சொல்லுங்க."

மூலக் காகிதத்தை எடுத்து இரண்டு முறை படித்தேன். அப்படி எதுவும் இல்லை. கன்ஃபைன்மென்ட் என்று மட்டும்தான் இருக்கிறது. பிள்ளை என்ன ஆயிற்று என்று சட்டம் கேட்கவில்லை.

பெற்ற மூன்றாம் நாள் அவள் என் கண் முன்னால் வாளியோடு நின்றாள். அவளைப் பார்த்துத்தான் அத்தனை வீரமாகக் கிழித்தேன். பிரசவம், பிரசவம் என்று உரக்கக் கத்தினேன். அவளை வீட்டுக்குப் போகச் சொல்ல மட்டும் தோன்றவில்லை. அதற்குப் பிறகு ஒரு வாரம் முழுக்கப் பால் வெட்டியிருக்கிறாள்.

வீரம்மா பெயருக்கு மேலே கொஞ்சம் இடம் இருந்தது. அதில் இருளாயி என்று எழுதினேன். பிரசவ தேதி மே இரண்டு.

12 மே, செவ்வாய்

பெரட்டில் இன்று பத்துமலை இருளாயி பெயரைக் கூப்பிட்டார். பதில் இல்லை. மறுபடியும் கூப்பிட்டார். கூட்டம் என் பக்கம் திரும்பியது.

"பிரசவம்," என்றேன்.

தண்டல் துரையைப் பார்த்தார். துரை ஒன்றும் சொல்லவில்லை. அடுத்த பெயரைக் கூப்பிட்டார்கள்.