நான் நடந்து காட்டிய களவாணி

நவம்பர் 10, திங்கள்

காலையில் கடும் மூடுபனி. பத்து மணி வரை பக்கத்து ஏலச்செடியே தெரியவில்லை. அட்டைக்கடி மூன்று. எடுத்த காய் குறைவு.

மத்தியானம் ஒரு போலீஸ்காரர் தோட்டத்துக்கே வந்து கோர்ட்டு சம்மன் கொடுத்தார். பதினெட்டாம் தேதி, செவ்வாய், பதினோரு மணி. கையெழுத்துப் போட்டேன். நாலாம் வகுப்புக் கையெழுத்து, ஆனால் அழகு. அவரே சொன்னார்.

போன வருஷம் ஐப்பசியில் நடந்த கேஸ். விளக்கு வைக்கும் நேரம். மறந்து வைத்த தூக்குவாளியை எடுக்க ஸ்டோருக்குத் திரும்பினேன். காய் உலர்த்தும் கட்டடம் அது. வாட்ச்மேன் தங்கப்பன் சேட்டனைத் தடியால் அடித்துப் போட்டுவிட்டு ஒருவன் மூட்டையோடு வெளியே வந்தான். நான் கத்தினேன். மூட்டையைப் போட்டுவிட்டு ஓடினான். சேட்டனுக்கு அன்று போன பேச்சு இன்னும் வரவில்லை. ஓடினவனைப் பார்த்தது நான் ஒருத்திதான்.

தேநீர் நேரத்தில் கம்பத்து ஜீப்பில் வரும் பெண்கள் விடவில்லை. "பேச்சியக்கா, கோர்ட்டுக்கு ஒத்திகை பாப்பமா?" ஓடின களவாணி மாதிரி நடந்து காட்டினேன். இடது காலை இழுத்து, தோளைச் சாய்த்து, நாலு எட்டு. திரும்பி ஒரு முழி. ஒருத்திக்கு டீ மூக்கில் ஏறிவிட்டது. சூப்ரவைசர் கூட (நான் வைத்த பேர் ஈரச்சாக்கு) வாயைப் பொத்திக்கொண்டார்.

இந்த நடையால்தான் ஆளே பிடிபட்டான். ஜெயிலில் மாஜிஸ்திரேட்டு முன்னால் ஏழு பேரை நிற்க வைத்தார்கள். எல்லாம் ஒரே மாதிரி தாடி. "ஐயா, இவுகள நடக்கச் சொல்லுங்க" என்றேன். நடந்தார்கள். ஒருவன் நொண்டினான். தொட்டுவிட்டேன். படிக்காத மனுசிக்கு என்ன மூளை என்று ஊரே சொன்னது.

கோர்ட்டுக்குப் புதுச் செருப்பு வேண்டும்.

நவம்பர் 12, புதன்

ஆனைக்கரை சந்தை. செருப்பு, அரை கிலோ கருவாடு, என் வீட்டுக்காரருக்கு முதுகுத் தைலம். (அவருக்கு நான் வைத்த பேர் மௌனச்சாமி. இனி ம.சா. என்றே எழுதுகிறேன், மை மிச்சம்.)

செருப்புக் கடை வாசலில் ஒருத்தி வந்து நின்றாள். முப்பத்தைந்து வயசிருக்கும். கையில் ஏலக்காய்க் கறை. நீங்கதானே பேச்சியக்கா என்றாள். ஆமா, எந்தத் தோட்டத்து மகாராணி என்று கேட்டேன். சிரிக்கவில்லை.

"நான் சுப்பையா சம்சாரம்."

நான் ஜெயிலில் தொட்டுக் காட்டின ஆள்.

திட்டுவாள் என்று நினைத்தேன். திட்டவில்லை. பதினொரு மாதமாக உள்ளே இருக்கிறானாம். ஜாமீனுக்கு இந்தப் பக்கம் நிலவரி ரசீது உள்ள ஆள் நிற்க வேண்டும். கம்பத்துக் கூலிக்காரனுக்கு யார் நிற்பார்கள். ஆறு வருஷத்துக்கு முன் மிளகு பறிக்கும்போது ஏணி சாய்ந்து கால் ஒடிந்ததாம். அதிலிருந்து அவன் ஓடி அவள் பார்த்ததே இல்லையாம்.

களவாணி பொண்டாட்டி பின்னே என்ன சொல்வாள், என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டேன்.

போகும்போது சொன்னாள்: "நீங்க பொய் சொல்ற ஆள் இல்லன்னு எல்லாரும் சொல்றாக அக்கா. எனக்கு அதான் பயமா இருக்கு."

செருப்பு வாங்கினேன். வீட்டில் வந்து பார்த்தால் ஒரு சைஸ் பெரிது.

நவம்பர் 13, வியாழன்

சாரல். வேலைக்குப் போகவில்லை. வயிற்றுவலி என்று சொன்னேன். வலி வயிற்றில் இல்லை.

போடியில் இருக்கும் தங்கச்சி மாரிக்கு போன் போட்டேன். அவளுக்கு நான் அனுப்பும் வாட்ஸப் பேச்சையெல்லாம் அழிக்கவே மாட்டாள். சிரிப்பு வராத நாளில் போட்டுக் கேட்பாளாம். அந்தக் களவு நடந்த அன்று உனக்கு என்ன பேசி அனுப்பினேன், இருந்தால் தேடு என்றேன். எதுக்கு என்றாள். தேடுடி என்றேன்.

மூன்று மணிக்கு வந்தது. என் குரல்தான். மூச்சு வாங்குகிறது. பின்னால் ஆம்புலன்ஸ் சத்தம். கேட்டதை அப்படியே எழுதுகிறேன்:

"மாரி, ஸ்டோர்ல ஒருத்தன் சேட்டன அடிச்சிட்டான்டி. மூஞ்சி எங்க பாத்தேன், துண்டு கட்டியிருந்தான். முதுகுதான் பாத்தேன். நான் கத்துனேன் பாரு, ஒரே பாய்ச்சல், மான் மாதிரி ஓடிட்டான். பாசிக் கல்லுல ஒருதரம் வழுக்குனான், அப்பக்கூட விழல. ஆம்புலன்ஸ் வந்துருச்சு, வைக்கிறேன்."

நொண்டல் இல்லை.

ஏழு தடவை கேட்டேன். நொண்டல் இல்லை.

நவம்பர் 14, வெள்ளி

மழை இல்லை. காய் எடுப்பு. யாரோடும் பேசவில்லை. ஈரச்சாக்கே வந்து காய்ச்சலா என்று கேட்டார்.

செடிக்கு நடுவில் உட்கார்ந்து யோசித்தேன். நொண்டல் எங்கே வந்தது?

1. அன்று சாயங்காலம், மாரிக்கு. வழுக்கினான்.

2. அன்றே, போலீசுக்கு. வழுக்கினான் என்றுதான் சொன்னதாக ஞாபகம். சத்தியம் பண்ண மாட்டேன்.

3. மறுநாள் தேநீர் நேரம். எல்லாரும் பயந்துபோய் உட்கார்ந்திருந்தார்கள், ஒருத்தி அழுதாள். சிரிக்க வைக்கலாம் என்று வழுக்கினதை நடித்தேன். சிரித்தார்கள்.

4. அதற்கு அடுத்த நாள் மறுபடி கேட்டார்கள். ஒரு வழுக்கல் போதவில்லை. இரண்டு வழுக்கு வழுக்கினேன்.

5. எந்த நாளோ தெரியாது. வழுக்கல் போய் இழுப்பு வந்துவிட்டது. இழுத்தால்தான் சிரிப்பு அதிகம்.

6. டீக்கடையில் நான் நடந்து காட்டும்போது ஏ.எஸ்.ஐ. பார்த்துக்கொண்டு நின்றார். இவர் பேர் தேன்குழல், பேச்சு அவ்வளவு இனிப்பு. "சேச்சி, அவனுக்குக் கால் முடமா?" என்றார். ஆமா சார் என்றேன். அந்த நேரத்தில் எனக்கு அது பொய்யாகத் தெரியவில்லை.

7. அடுத்த வாரம் தேன்குழல் போனில் ஒரு போட்டோ காட்டினார். "இவன்தானே?" தாடி வைத்த முகம். நன்றாகப் பாரு, அவசரமில்லை என்றார். நன்றாகப் பார்த்தேன்.

8. ஜெயில். ஏழு பேர்.

நொண்டுகிறவனைத் தேடச் சொன்னது நான். தேடினார்கள், கிடைத்தான். அவனைக் கண்டுபிடித்தது போலீஸ் இல்லை. என் வாய்.

நவம்பர் 15, சனி

இதுதான் பயமாக இருக்கிறது. கண்ணை மூடினால் சுப்பையா முகம் வருகிறது. ஸ்டோர் வாசலில் நின்று என்னைத் திரும்பிப் பார்க்கிறான். துண்டே இல்லை. தாடி, மூக்கு, எல்லாம் தெளிவு. காலை இழுத்துக்கொண்டு ஓடுகிறான். துண்டைக் கட்டிவிட்டுப் பார்க்கலாம் என்று மனசுக்குள் முயற்சி பண்ணினேன். கட்டக் கட்ட அவிழ்கிறது.

எனக்குத்தான் மூளை கெட்டுவிட்டதா என்று ஒரு சோதனை வைத்தேன். தேநீர் நேரத்தில் நாலு பேரிடம் தனித்தனியாகக் கேட்டேன்: நேற்று ஈரச்சாக்கு என்ன கலர் சட்டை? ஒருத்தி நீலம். ஒருத்தி கோடு போட்டது. இன்னொருத்தி மழைக்கோட்டு. கடைசி ஆள் பிள்ளை மேல் சத்தியம் பண்ணிச் சொன்னாள், வெள்ளை. ஈரச்சாக்கிடமே கேட்டேன். அவருக்கும் தெரியவில்லை. நாலு பேரும் பொய் சொல்லவில்லை. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

சாயங்காலம் ம.சா.விடம் எல்லாம் சொன்னேன். மாரி அனுப்பியதையும் போட்டுக் காட்டினேன். ரொம்ப நேரம் ரம்பத்துக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார், சொன்னதைச் சொல்லிவிட்டு வா. மாற்றினால் உன்மேலே பொய்ச்சாட்சி கேஸ் போடுவார்கள், ஊரில் காசு வாங்கினாள் என்பார்கள். வருஷத்துக்கு நாலு வார்த்தை பேசுகிற ஆள். இதில் பன்னிரண்டு வார்த்தை செலவு பண்ணிவிட்டார்.

கருவாட்டைப் பூனை தின்றுவிட்டது.

நவம்பர் 16, ஞாயிறு

தங்கப்பன் சேட்டன் வீட்டுக்குப் போனேன். மாதம் ஒருதரம் போவதுதான். சேட்டன் கட்டிலில் சாய்ந்திருந்தார். வலது கை மடங்கியே இருக்கிறது. முன்பு இந்த மனுஷனைப் போல மலையாளத்தில் கெட்ட வார்த்தை பேச ஆள் கிடையாது. நான் போனால் எனக்கென்று புதுசாக ஒன்று வைத்திருப்பார். இப்போது "ஆ, ஆ" மட்டும்.

மகள் பிந்து கஞ்சி ஊட்டினாள். அவளுக்குக் கல்யாணம் பேசியிருந்தது, அப்பாவால் தள்ளிப்போயிற்று. செவ்வாய்க்கிழமை அவளும் கோர்ட்டுக்கு வருகிறாளாம். "சேச்சி ஒரு ஆள் உள்ளதாலே எங்களுக்கு நியாயம் கிடைக்கப் போவுது" என்றாள். பலாக்காய்ச் சிப்ஸ் ஒரு பொட்டலம் கொடுத்தாள்.

சொல்லலாம் என்று வாயெடுத்தேன். சேட்டன் என் கையைப் பிடித்தார். சொல்லவில்லை.

வரும் வழியில் சிப்ஸை அப்படியே ஜீப்காரனிடம் கொடுத்துவிட்டேன்.

நவம்பர் 17, திங்கள்

தேன்குழல் வீட்டுக்கே வந்தார். பால் விடாத கட்டஞ்சாயா குடித்தார், சர்க்கரை கேட்டு வாங்கினார். நான் முன்பு சொன்னதையெல்லாம் ஒரு தாளிலிருந்து வாசித்துக் காட்டினார். பிறகு போனை எடுத்து அதே போட்டோ. மறந்து போயிருந்தால் என்று. மறக்கவில்லை சார், அதுதான் கஷ்டம் என்றேன். அவர் சிரித்தார். நான் விளையாட்டுக்குச் சொல்கிறேன் என்று நினைத்தார்.

துணிந்து கேட்டேன். சார், அவன் முகத்தை நான் பார்க்கவே இல்லை என்றால்?

கப்பைக் கீழே வைத்தார். கோபப்படவில்லை. நல்ல மனுஷர், உண்மையிலேயே சுப்பையாதான் செய்தான் என்று நம்புகிறார். ஆனால் அவன்தான் என்று அவருக்கு எப்படித் தெரியும்? நான் சொன்னதால். எனக்கு எப்படித் தெரியும்? அவர் காட்டியதால். இரண்டு பேரும் ஒருவர் தோளில் ஒருவர் ஏறி நிற்கிறோம். கீழே யாருமில்லை.

சொன்னார்: "கோர்ட்டைக் கண்டா எல்லாருக்கும் இப்படித்தான் தோணும் சேச்சி. அங்க போய் மாத்திப் பேசினா கூறுமாறின சாட்சின்னு எழுதிடுவாங்க. பின்னே அந்தப் பேர் போகாது."

ஊருக்கெல்லாம் பேர் வைத்தேன். எனக்கு ஒன்று வரப் போகிறது.

பச்சைச் சேலை தேய்த்து வைத்தாயிற்று. செருப்புக்குள் பஞ்சு.

நவம்பர் 18, செவ்வாய்

முதல் பஸ். மாரி அனுப்பிய பேச்சு போனில் இருக்கிறதா என்று வழியெல்லாம் பார்த்துக்கொண்டே போனேன்.

கோர்ட்டு சின்ன ஹால். பள்ளிக்கூடம் மாதிரி பெஞ்சு. முன் வரிசையில் பிந்து. பின்னால் சுவரோரம் சுப்பையா சம்சாரம். அவன் கூண்டில். மெலிந்திருந்தான். நரை வந்திருக்கிறது, என் கண்ணுக்குள் இருக்கிறவனுக்கு நரை இல்லை.

சத்தியம் வாங்கினார்கள். சர்க்கார் வக்கீல் ஒரு அம்மா. அன்று ஓடின ஆள் இந்த ஹாலில் இருக்கிறாரா என்று கேட்டார்.

கை தானாக எழுந்தது. பாதி எழுந்தது. பிடித்துக்கொண்டேன்.

"இந்த முகம் எனக்கு நல்லாத் தெரியும்மா. போன்ல பாத்தேன், ஜெயில்ல பாத்தேன், இப்பப் பாக்கேன். அன்னைக்குப் பாத்தது முதுகு மட்டும்தான்."

வக்கீலம்மா தாளைப் புரட்டினார். ஜட்ஜிடம் என்னவோ சொன்னார், கூறுமாறி என்ற வார்த்தை மட்டும் காதில் விழுந்தது. பிறகு அந்த அம்மா பேச்சில் இனிப்பு இல்லை. யார் என்னைப் பார்க்க வந்தார்கள், என்ன கிடைத்தது, யார் மிரட்டியது. சந்தையில் அவன் சம்சாரம் வந்ததைச் சொன்னேன். மறைக்கவில்லை. அது கெடுதலாகத்தான் போயிருக்கும்.

ஜட்ஜே கேட்டார், பிறகு ஜெயிலில் இவரை எப்படித் தொட்டீர்கள் என்று.

"நொண்டுற ஆளத் தேடினேன் ஐயா. நொண்டுனது இவுக ஒருத்தர்தான்."

ஓடினவன் நொண்டினான் என்று யார் சொன்னது?

"நான்தான். எல்லாரையும் சிரிக்க வைக்கிறதுக்காகச் சொன்னது. அப்புறம் எனக்கே அப்படித்தான் தெரிய ஆரம்பிச்சிருச்சு."

ஜட்ஜ் பேனா ரொம்ப நேரம் ஓடியது. போனில் உள்ளதைச் சொன்னேன். அதை முறைப்படி கொடுக்க வேண்டும் என்றார்கள், போனை வாங்கி வைத்துக்கொண்டார்கள். மாரிக்கும் சம்மன் வருமாம். அவனுக்கு விடுதலையா இல்லையா யாருக்கும் தெரியாது, கேஸ் தள்ளி வைத்தாயிற்று. என்மேல் கேஸ் வருமா என்று அவனுடைய வக்கீலிடம் கேட்டேன். வரலாம், வராமலும் போகலாம் என்றார். படித்த பதில்.

சுப்பையாவைத் திரும்ப அழைத்துப் போனபோது வராந்தாவில் வழிவிட்டு நின்றேன். கால் இழுக்கிற சத்தம். நான் நடந்து காட்டினது அப்படியே இல்லை. அவன் வலது காலை இழுக்கிறான்.

திரும்ப ஒரே பஸ். இடம் ஒன்றே ஒன்று, பிந்து பக்கத்தில். நின்றுகொண்டே வரலாம் என்று பார்த்தேன். அவளே பையை மடியில் எடுத்து வைத்தாள். உட்கார்ந்தேன். பாதி வழியில் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே கேட்டாள்.

"அப்போ எங்க அச்சனை அடிச்சது யாரு சேச்சி?"

"தெரியல மோளே."

நான் இறங்கும்போது வணக்கமும் இல்லை, திட்டும் இல்லை.

நவம்பர் 19, புதன்

நல்ல வெயில். வேலைக்குப் போகவில்லை. ம.சா. டீ போட்டுக் கொடுத்தார்.

சேட்டன் வீட்டுக்குப் போக வேண்டும். இன்று போகாவிட்டால் இனி எப்போதும் போக முடியாது. பிந்து கதவைச் சாத்தினால் வெளியே நின்றே சொல்லிவிட்டு வர வேண்டும், சேட்டன் காது கேட்கும். என்ன சொல்வது என்று மூன்று தடவை எழுதி அடித்துவிட்டேன். மூன்றிலும் கூடுதலாக ஏதோ சேர்கிறது.

எழுதாமல் போகிறேன்.