பார்லர் அறையின் உள்கதவு

ஜனவரி 12, திங்கள்

பனி. எதிர்வீட்டு மாடி தெரியவில்லை. முழங்கால் பிடிப்பு. ஆயுசு முழுக்க பேக்கரி அடுப்புப் பக்கம் நின்ற உடம்பு, குளிர் ஆகவில்லை.

எனக்கு எழுத்து தெரியாது. மருமகள் ஜெசி போனில் மைக் பொத்தானைக் காட்டிக்கொடுத்திருக்கிறாள். பேசினால் அதுவே எழுதிக்கொள்ளுமாம். என் வீட்டுக்காரி ஸ்டெல்லாவுக்கு நன்றாகப் படிக்க வரும். அதனால் பேசி முடித்ததும் போன் என் சட்டைப் பைக்குள்.

நேற்று பூசை முடிந்ததும் மாதா கோவிலில் அறிவிப்பு. மூடிக் கிடக்கிற பெண்கள் ஹைஸ்கூலை இடிக்கப் போகிறார்கள். வருகிற ஞாயிறு பழைய பிள்ளைகள் உள்ளே போய்ப் பார்க்கலாம், குடும்பத்தோடு. ஸ்டெல்லா வளர்ந்தது, படித்தது எல்லாம் அங்கேதான்.

"போலாமா?" என்றேன். குனிந்து செருப்பைத் தேடினாள். செருப்பு காலில்தான் இருந்தது.

ஜனவரி 13, செவ்வாய்

வாங்க வேண்டியது: மஞ்சள் கொத்து, கரும்பு, மூட்டுத் தைலம்.

ரிச்சர்ட்ஸ் டவுனிலிருந்து ரீட்டா வந்தாள். அதே பள்ளியில் படித்தவள். இடிப்பதற்குள் பள்ளியின் கதையைச் சேர்க்கிறாளாம். கப்பலில் வந்த சிஸ்டர்கள் ஒரு வாடகை வீட்டில் ஆரம்பித்தது. பிறகு கல் கட்டடம். முன்கேட் பக்கம் இங்கிலீஷ், சம்பளம் கட்டுகிற பிள்ளைகள். பின்கேட் பக்கம் தாய் தகப்பன் இல்லாத பிள்ளைகளின் விடுதி, தமிழ் வகுப்பு. இரண்டு பக்கத்துக்கும் தனித்தனி மணி. கடைசியில் பிள்ளைகள் குறைந்து, சிஸ்டர்களும் கிழவிகளாகி, பூட்டு.

"ஸ்டெல்லா அக்கா, குரூப் போட்டோ ஒண்ணுலகூட உங்கள காணோமே?"

"பின்கேட்டு பிள்ளைங்கள யாரும்மா போட்டோ புடிச்சா? நாங்க பெஞ்சு தூக்கிப் போட்டோம், நீங்க ஏறி நின்னீங்க."

ரீட்டா சிரித்தாள். பாதியில் நிறுத்திவிட்டாள். "இதையும் எழுதிக்கிறேன்க்கா."

"எழுது. பெஞ்சு நல்ல கனம்னு எழுது."

ஜனவரி 15, வியாழன்

பொங்கல். வெல்லம் கொஞ்சம் தூக்கல்.

அந்தப் பள்ளிக்குள் நான் பார்த்தது ஒரே ஓர் அறை. பார்லர். இப்போது பார்லர் என்றால் புருவம் திருத்துகிற இடம். அப்போது வெளி ஆள் வந்து உட்காருகிற இடம். ஆண்களுக்கு கேட்டோடு சரி. ஆனால் விடுதிப் பெண்ணைக் கட்ட நினைக்கிறவன், பங்குச் சாமியார் சிபாரிசோடு ஞாயிறு மத்தியானம் பார்லர் வரைக்கும் வரலாம். நானும் போனேன். தலை நிறைய எண்ணெய், கையில் பன் பொட்டலம். பிரம்பு நாற்காலி. எதிரே பெரிய சிஸ்டர். அவருக்குப் பின்னால் ஒரு கதவு. மேல்பாதி கண்ணாடி, அதில் வெள்ளை பெயின்ட்.

என்ன சம்பளம், குடிப்பாயா என்று கேட்டார். எழுந்து அந்தக் கதவுக்குப் பின்னால் போனார். வெகுநேரம். திரும்பி வந்தபோது கூடவே காபித் தட்டோடு ஸ்டெல்லா. "சம்மதமா?" என்று என்னைத்தான் கேட்டார். தலையாட்டினேன்.

அவளை யாராவது கேட்டார்களா? பிள்ளைகள் பிறந்து, பேரனும் பிறந்தாயிற்று, இன்னும் தெரியாது. "கேக்கல, தள்ளி உட்டாங்க" என்று சொல்லிவிட்டால்? அந்தப் பயத்தில் வாயைத் திறந்ததில்லை. இப்போது கதவே போகப் போகிறது.

இன்று வாயைத் திறந்தேன். கரும்பு சீவிக்கொண்டிருந்தாள்.

"பார்லர் கதவுக்குப் பின்னாடி என்னா இருந்துச்சி?"

"செவுரு."

"கிண்டல் பண்ணாத."

"இன்னாத்துக்குயா இப்ப? பல்லு போன வாயில கரும்பு வேணுமா, கத வேணுமா?"

ஜனவரி 17, சனி

தைலம் நாற்றம். வலி அப்படியே.

சாயங்காலம் ஸ்டெல்லா அரக்குச் சேலைக்கு இஸ்திரி போட்டாள். எங்கே என்று சொல்லவில்லை. நானும் கேட்காமல் முகச்சவரம் செய்துகொண்டேன்.

ஜனவரி 18, ஞாயிறு

நல்ல வெயில். முன்கேட்டில் பலூன். தலை நரைத்த பெண்கள் தோளோடு தோள் இடித்துக்கொண்டு செல்ஃபி. ஸ்டெல்லா கேட்டிலேயே நின்றுவிட்டாள்.

"இதால நான் வந்ததே இல்ல."

"பின்னாடி சுத்திப் போலாமா?"

பின்பக்கம் பார்த்தாள். என் முழங்காலைப் பார்த்தாள். "வேணாம், வா. இதாலயே போவோம்."

பார்லரில் நாற்காலிகள் இல்லை. கதவு இருக்கிறது. வெள்ளை பெயின்ட் பழுப்பேறி. நானே தள்ளித் திறந்தேன். ஆள் ஒதுங்குகிற அளவுக்கு ஒரு நடை. எதிரே சுவர்.

"செவுருன்னு சொன்னேன்ல?"

கதவை உள்பக்கமாகச் சாத்தினாள். பெயின்டில் கண் உயரத்துக்கு ஒரு சுரண்டல், மிளகளவு.

"கொண்ட ஊசியால சுரண்டனது. வர்ற ஆம்பளைங்கள இதாலதான் பாப்போம். அப்புறம் சிஸ்டர் உள்ள வந்து, யாருக்கு இஷ்டம்னு கேப்பாங்க. யாருக்கும் இல்லன்னா காபி வராது, ஆளு எழுந்து போவ வேண்டியதுதான்."

குனிந்து அந்தச் சுரண்டலில் கண்ணை வைத்தேன்.

"நீ வந்தன்னிக்கி நாலு பேரு நின்னோம். ரெண்டு பேரு, காது பெருசுன்னு போய்ட்டாளுங்க. மிச்சம் நானும் ரோசியும்."

"அப்புறம்?"

"வெளிய போய் நில்லு."

போனேன். நாற்காலி இருந்த இடத்தில் நின்றேன். கதவைச் சாத்திக்கொண்டாள். அந்தச் சுரண்டலில் ஏதோ கறுப்பாக அசைந்தது.

"ஆடாத நில்லுயா. அன்னிக்கும் இப்டித்தான், பன்னு பொட்டலத்த உருட்டிக்கினே இருந்த."

"ஸ்டெல்லா, அப்புறம் என்னா ஆச்சி?"

"தட்டு ரோசி கையில இருந்துச்சி. புடுங்கிட்டேன். போதுமா?"