அவள் தோற்ற இறுதிப் போட்டி

ஒக்டோபர் 14, செவ்வாய்.

இத்தாலியின் மொண்டெல்லோ டென்னிஸ் கழகத்தில் சிவப்பு மண் தளங்களைக் கூட்டுகிறவர்கள், ஊரில் மாஸ்டராக இருந்த நானும் சூசையும். இரண்டு உலகப்போர்களுக்கும் இடையில் இங்கே விளையாடிய ஆங்கிலேய வீராங்கனையைப் பற்றிப் பழைய பத்திரிகைகளில் தேடி வாசித்தவன் நான். வேலைக்கு நடுவே சூசைக்குச் சொன்னேன். இறுதிப் போட்டிக்கு வந்ததும் வேண்டுமென்றே நிறுத்திக்கொண்டேன்.

இன்று விருந்தினர் முன் அவன் அதை இத்தாலியனில் சொன்னான். அவளை வெல்லவும் வைத்தான். கழகத் தலைவி சிஞ்ஞோரா கண்கலங்கி, பழைய படங்கள் உள்ள அறைக்கு அவனையே பொறுப்பாக்கிவிட்டார். அந்த வேலையை நான் எத்தனை முறை கேட்டிருப்பேன்!

"என்ன மாஸ்டர், முகம் கறுத்துக் கிடக்கு? உங்கட கதைதானே. பிழை விட்டிட்டனோ?"

"இல்லையடா, நல்லாத்தான் கதைச்சாய்."

உண்மையில் அந்த வீராங்கனை கடைசிப் புள்ளியில் இரண்டு சேர்விஸையும் வலையில் அடித்துத் தோற்றாள். அதன்பின் அவள் எங்குமே விளையாடவில்லை. அதை அவனுக்குச் சொல்லமாட்டேன். அந்தத் தோல்வியாவது எனக்கென்று இருக்கட்டும்.