முழங்கால் தண்ணீரில் நீங்கள்

அம்மா,

இன்று காலை என் காலில் அது மறுபடியும் பட்டது. மகள் கடலில் நீந்திக்கொண்டிருந்தாள். நான் முழங்காலளவு தண்ணீரில் நின்றேன். எங்கோ தூரத்தில் மீனுக்கு டைனமைட் போட்டிருக்கிறான்கள், நாசமாய்ப் போவான்கள். காதில் பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. கணுக்காலில் ஒரு குத்து, அவ்வளவுதான். நான் யோசிக்க முன்னமே வாய் கத்திவிட்டது: "வா பிள்ளை!" அது என் குரலே இல்லை, உங்களுடையது.

சண்டை நடந்த அந்த நாள்களில் கடற்படைக்கு ஒரு பயம், யாராவது தண்ணீருக்கு அடியால் நீந்தி வந்து கப்பலுக்குக் குண்டு வைத்துவிடுவார்கள் என்று. அதனால் துறைமுகத் தண்ணீருக்குள் நினைத்த நேரத்தில் வெடி போடுவார்கள். முதல் வெடி தூரத்தில் விழும், அடுத்தது எங்கே என்று தெரியாது. அதற்குள் நான் கரையேறிவிட வேண்டும். போட்டிக்குப் பழக ஊரில் நீச்சல் தடாகமா இருந்தது? குளிக்கவென்று விட்டிருந்த அந்தத் துண்டுக் கரைதான் எனக்குத் தடாகம்.

"நீந்தாட்டிச் செத்தா போவாய்?" என்று கத்தினீர்கள். நானும் பிடிவாதக்காரி, சாப்பிடாமல் கிடந்தேன். கடைசியில் நீங்களே தலை துவட்டும் துவாயைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடந்தீர்கள். கடல் என்றாலே நடுங்குகிற நீங்கள், சீலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு முழங்கால்வரை இறங்கி நின்றீர்கள்.

"நீ கையும் காலும் அடிக்கிற அடியில உனக்குத் தூர வெடி தெரியாது. எனக்குக் காலில தெரியும். பட்ட உடன கூப்பிடுவன். திரும்பிப் பாராமல் வந்திடோணும், கேட்டுதோ?"

நீங்கள் கூப்பிட்டால் எனக்கு உயிர் உயிராய் இருக்காது. மூச்செடுக்கத் தலையைத் திருப்பவும் பயம். கரையில் வந்து விழுந்து நடுங்குவேன், பக்கத்தில் நீங்களும் நடுங்குவீர்கள், பிறகு ஒருவரையொருவர் ஏசிக்கொண்டே வீட்டுக்குப் போவோம். வெளிநாட்டில் பல நாடுகள் கூடுகிற விளையாட்டு விழாவுக்கு, ஐம்பது மீற்றர் பிறீஸ்டைல் நீச்சலுக்கு என்னைத் தெரிவு செய்தபோது, மூச்செடுக்காமல் நீந்த யார் பழக்கியது என்று கொழும்பில் பயிற்சியாளர் கேட்டார். சும்மா சிரித்தேன்.

நான் போட்டிக்குப் போவதற்கு முந்தின மாதங்களில் நீங்கள் கண்டபாட்டுக்குக் கூப்பிட்டீர்கள். ஓடி வந்து பார்த்தால் வெடியும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. எனக்குக் கோபம் கோபமாய் வரும்.

கடைசி நாள் கரையேறியபோது, மணலில் உங்கள் கால் பட்ட இடமெல்லாம் இரத்தம். பாதத்தில் உடைந்த கண்ணாடிப் போத்தல் ஓடு ஏறியிருந்தது. நீங்கள் பாட்டுக்குத் துவாயை மடித்துக்கொண்டு நின்றீர்கள்.

"ஐயோ அம்மா, நோகேல்லையோ?"

"எங்கை?" என்று குனிந்து பார்த்தீர்கள். பிறகு மெல்லச் சொன்னீர்கள். "சீனி வருத்தம் பிள்ளை. கால் விறைச்சுக் கனகாலம்."

"அப்ப வெடி?"

"ஒண்டும் தெரியாது. அதுதான் மனம் பதறேக்கெல்லாம் கூப்பிட்டனான்."

"பிறகேன் தண்ணிக்குள்ள நிண்டனீங்கள்?"

"நீ உள்ளுக்க நிக்கேக்க நான் எப்பிடியடி கரையில நிக்கிறது?"

இத்தனை நாளும் காவலே இல்லாமல் நீந்தியிருக்கிறேன் என்று அப்போதுதான் விளங்கியது. உங்களைக் கட்டிப்பிடித்து அழுதேன்.

போட்டியன்று, பாய்கிற மேடையில் ஏறி நிற்க முன்னம் தடாகத்துக்குள் காலை விட்டுப் பார்த்தேன். தண்ணீர் சும்மா கிடந்தது. அந்த அமைதிதான் எனக்குப் பயமாக இருந்தது. ஊதல் கேட்டதும் உங்கள் குரலை நினைத்துக்கொண்டு பாய்ந்தேன். சுவரைத் தொட்டதும் மற்றப் பெண்கள் திரும்பி நேரப் பலகையைப் பார்த்தார்கள். நான் அதற்குள் தண்ணீரை விட்டு வெளியே ஏறிவிட்டேன். இறுதிப் போட்டிக்குத் தெரிவாகவில்லை. தொலைபேசியில் நீங்கள் எத்தனையாம் இடம் என்று கேட்கவேயில்லை.

"தண்ணி அமைதியா இருந்ததோ?"

"ஓம் அம்மா."

"அப்ப சரி."

சர்க்கரை வியாதியால் உங்கள் காலில் அந்தப் புண் ஆறவேயில்லை. முதலில் பாதம், பிறகு முழங்காலுக்குக் கீழே என்று வெட்டினார்கள். சண்டை முடிய முன்னமே போய்விட்டீர்கள். அந்தத் துண்டுக் கரையில் இப்போது யாரும் எங்கேயும் நீந்தலாம்.

இன்று நான் கத்தியதற்கு மகள் அவசரமில்லாமல் ஆறுதலாகத்தான் வந்தாள். பாதி வழியில் மல்லாந்து மிதந்து வானத்தையும் பார்த்துக்கொண்டாள். "ஏனம்மா இப்பிடிக் கத்துறீங்கள்? கரையில ஒரு கதிரையைப் போட்டு இருங்கோவன்."

"ஏலாது," என்றேன். அவள் சிரித்துவிட்டுத் திரும்பவும் ஆழத்துக்குப் போனாள்.

எனக்கும் சீனி தொடங்கிவிட்டதாம், அம்மா. போன கிழமைதான் டொக்டர் சொன்னார். காலில் இன்னும் எல்லாம் தெரிகிறது. தெரியாமல் போனாலும் இதே இடத்தில்தான் நிற்பேன். மனம் பதறும்போதெல்லாம் கூப்பிடுவேன்.